செல்லப்பன் இராமநாதன்: தூதரகப் பணியிலிருந்து புலனாய்வுத் தலைமைக்கு

புலனாய்வு என்ற சொல் எமது கரையோர மக்களின் காதில் நல்ல சொல்லாக விழுந்த காலம் மிகக் குறைவு. காரைதீவிலும் கல்முனையிலும் நிந்தவூரிலும் வாழ்கின்ற தமிழரும் முஸ்லிம்களும் யுத்த காலத்தில் அச்சொல்லுக்கு அஞ்சவே கற்றுக்கொண்டனர். 2019 ஏப்ரலுக்குப் பின்னர் அச்சத்துடன் கசப்பும் சேர்ந்துகொண்டது. நிலைமை இவ்வாறிருக்க, புலனாய்வுத் தலைவர் ஒருவரின் வாழ்க்கையை நாம் இங்கு எழுத முற்படுவது சிலருக்கு வியப்பளிக்கக்கூடும். ஆயினும், சிறுபான்மைத் தமிழ்க் குடும்பமொன்றில் பிறந்து, தூதுப் பணியில் பயின்று, பின்னர் தனது நாட்டின் மிக இரகசியமான பிரிவொன்றின் தலைமைப் பொறுப்பைச் சுமந்த ஒருவரின் கதையில் எமது மக்கள் அறிந்துகொள்ள வேண்டிய செய்தி இருக்கின்றது. எஸ். ஆர். நாதன் என உலகம் அறிந்த செல்லப்பன் இராமநாதனே அவர். சிங்கப்பூரின் ஜனாதிபதியாக அவரை அறிந்தோர் பலர். புலனாய்வுத் தலைவராக அறிந்தோர் சிலரே.

1924 ஜூலை 3ஆம் திகதி சிங்கப்பூரில் பிறந்த அவருடைய இளமைக்காலம் பெருமளவில் மலாயாவின் முவார் நகரில் கழிந்தது. தந்தையார் இறப்பர்த் தோட்டங்களுக்குச் சட்டப்பணி செய்த நிறுவனமொன்றில் எழுதுவினைஞர். 1930களின் பொருளாதார மந்தத்தில் இறப்பர் விலை சரிந்தபோது குடும்பம் கடனில் மூழ்கியது. தந்தையார் தன்னுயிரை மாய்த்துக்கொண்டார். மகனுக்கு அப்போது எட்டு வயது. பின்னர் பாடசாலையிலிருந்து இரு தடவைகள் விலக்கப்பட்டதும், 16ஆவது வயதில் தாயாருடன் பிணங்கிக்கொண்டு வீட்டைவிட்டு வெளியேறியதும் அவரே பிற்காலத்தில் மறைக்காது எழுதிய செய்திகளாகும். அரச உயர்பதவிக்கு வந்தோர் தமது இளமையை மெருகூட்டி எழுதுவதே வழமையாகிவிட்ட எமது சூழலில் இந்த வெளிப்படைத்தன்மை கவனிக்கத்தக்கது.

ஜப்பானிய ஆக்கிரமிப்புக் காலத்தில் அந்த இளைஞர் ஜப்பானிய மொழியைத் தாமாகவே கற்று, ஜப்பானிய சிவில் பொலிஸாரிடம் மொழிபெயர்ப்பாளராகப் பணியாற்றினார். ஆளுகின்ற துப்பாக்கிக்கும் ஆளப்படுகின்ற மனிதனுக்கும் நடுவே நிற்பவனே மொழிபெயர்ப்பாளன். அவனுடைய ஒரு சொல்லில் ஓர் உயிர் போகலாம், ஓர் உயிர் மீளலாம். தலையாட்டிகளின் முன்னால் வரிசையில் நிறுத்தப்பட்ட அனுபவமுடைய எமது மக்களுக்கு இதனை விளக்கத் தேவையில்லை. எதிரே இருப்பவன் உண்மையில் என்ன சொல்ல வருகின்றான் என்பதைச் செவிமடுக்கும் பழக்கத்தை நாதன் அங்குதான் பெற்றிருக்க வேண்டும் என்பது எமது ஊகம்.

யுத்தம் முடிந்த பின்னர் தாமாகவே படித்துத் தேறி, அப்போது சிங்கப்பூரில் இயங்கிய மலாயாப் பல்கலைக்கழகத்தில் 1954இல் சமூகப்பணித் துறையில் டிப்ளோமா பெற்றார். வைத்தியசாலையில் சமூகப் பணியாளராகவும் பின்னர் கப்பல் தொழிலாளர் நலன்புரி அதிகாரியாகவும் கடமையாற்றினார். 1962இல் தேசிய தொழிற்சங்க காங்கிரஸின் தொழிலாளர் ஆய்வுப் பிரிவுக்குச் சென்றார். இடதுசாரித் தொழிற்சங்கங்களுக்கும் அரசு சார்பான சங்கங்களுக்கும் இடையே கடும் போட்டி நிலவிய காலம் அது. நாதன் எந்தப் பக்கத்தில் நின்றார் என்பதில் ஐயமில்லை.

1965இல் சிங்கப்பூர் மலேசியாவிலிருந்து பிரிந்து தனி நாடாகியது. அதற்கென ஒரு வெளிவிவகார அமைச்சை அடியிலிருந்து கட்டியெழுப்ப வேண்டியிருந்தது. அப்பணியை ஏற்றவர் எமது வட்டுக்கோட்டையில் பிறந்த சின்னத்தம்பி இராஜரத்தினம். அவருடைய அமைச்சில் 1966 பெப்ரவரியில் உதவிச் செயலாளராக இணைந்த நாதன் பிரதிச் செயலாளராக உயர்ந்தார். இந்தோனேசியாவின் மோதல் கொள்கை முடிவுக்கு வந்ததும், 1967 ஆகஸ்ட் 8ஆம் திகதி ஆசியான் அமைப்பு உருவானதும் அந்த ஆண்டுகளில்தான். படை பலமற்ற ஒரு தீவு, தன்னைவிடப் பன்மடங்கு பெரிய அயலவர்களுடன் எவ்வாறு பேச வேண்டும் என்பதே அந்த அமைச்சின் அன்றாடப் பாடமாக இருந்தது.

1971இல் அவர் பாதுகாப்பு அமைச்சின் பாதுகாப்பு மற்றும் புலனாய்வுப் பிரிவின் பணிப்பாளராக நியமிக்கப்பட்டார். இங்கு ஒரு வேறுபாட்டை வாசகர்கள் மனதிற்கொள்ள வேண்டும். சிங்கப்பூரில் உள்நாட்டுப் பாதுகாப்புத் திணைக்களம் வேறு. விசாரணையின்றித் தடுத்து வைக்கும் சட்டத்துடன் தொடர்புடையது அதுவே. நாதன் தலைமையேற்றது வெளிநாட்டுப் புலனாய்வுக்கான பிரிவு. பொலிஸ் அதிகாரி ஒருவரையோ இராணுவத் தளபதி ஒருவரையோ அங்கு அமர்த்தாமல், தூதுப் பணியில் ஐந்தாண்டுகள் பயின்ற ஒருவரை அமர்த்தியமை தற்செயலானது என நாம் கருதவில்லை. அயல்நாடு என்ன செய்யப் போகின்றது என்பதை அறிய ஒற்றன் தேவைதான். அறிந்ததை எடைபோட்டு, அந்நாட்டுடன் நாளையும் பேச வேண்டும் என்ற நினைவுடன் அரசுக்கு எடுத்துரைக்க இராஜதந்திரி தேவை.

அந்தத் தெரிவு 1974இல் சோதனைக்குள்ளாகியது. அவ்வாண்டு ஜனவரி 31ஆம் திகதி ஜப்பானிய செம்படையைச் சேர்ந்த இருவரும் பலஸ்தீன விடுதலைக்கான மக்கள் முன்னணியைச் சேர்ந்த இருவரும் புக்கோம் தீவில் அமைந்திருந்த ஷெல் எண்ணெய் சுத்திகரிப்பு நிலையத்தைத் தாக்கினர். தென்வியட்நாமுக்கான எண்ணெய் விநியோகத்தைத் தடுப்பதே அவர்களுடைய நோக்கம். குண்டுகளால் பெரிய சேதம் ஏற்படவில்லை. தப்பிச் செல்கையில் "லாஜு" என்ற படகையும் அதன் பணியாளர் ஐவரையும் கைப்பற்றினர். மலாய் மொழியில் லாஜு என்றால் வேகம் என்று பொருள். வேகமாகச் செல்ல முடியாதபடி கடற்படையும் கடற் பொலிஸாரும் அப்படகைச் சூழ்ந்துகொண்டனர்.

ஏறத்தாழ ஒரு வாரம் படகு கடலிலேயே நின்றது. பணயக்கைதிகளில் இருவர் கடலில் குதித்துத் தப்பினர். படகைத் தாக்கி மீட்கும் வாய்ப்பு இருந்தும் சிங்கப்பூர் பேச்சுவார்த்தையையே தெரிவு செய்தது. இஸ்ரேலிய ஆலோசகர்களைக் கொண்டு தனது இராணுவத்தைப் பயிற்றுவித்த நாடு, முஸ்லிம் பெரும்பான்மை அயலவர்கள் பார்த்துக்கொண்டிருக்க, பலஸ்தீனப் போராளிகளுடன் பொறுமையாகப் பேசிக்கொண்டிருந்தது. அந்த நாட்களில் சிந்தப்பட்டிருக்கக்கூடிய இரத்தம் அப்பிராந்தியத்தில் எத்தனை ஆண்டுகள் பேசப்பட்டிருக்கும் என்பதை எண்ணிப் பார்க்கலாம்.

பெப்ரவரி 6ஆம் திகதி நிலைமை திடீரென மாறியது. குவைத்தில் ஜப்பானியத் தூதரகத்தை மக்கள் முன்னணியினர் கைப்பற்றித் தூதுவரையும் ஏனையோரையும் பிடித்துவைத்துக்கொண்டு, சிங்கப்பூரில் சிக்கியிருந்த நால்வரையும் விமானம் மூலம் குவைத்துக்கு அனுப்புமாறு கோரினர். ஜப்பான் விமானத்தை அனுப்பியது. ஆனால் ஆயுதங்களைக் கையளித்த பின்னர் தமக்கு என்ன உத்தரவாதம் என்ற கேள்வியை நால்வரும் எழுப்பினர். அந்த உத்தரவாதம் கடிதத்தில் அமையவில்லை, மனிதர்களாக அமைந்தது. சிங்கப்பூர் அதிகாரிகளும் கொமாண்டோக்களுமாக 13 பேர் அவர்களுடன் விமானத்தில் ஏறுவதென முடிவாகியது. பாதுகாப்பு அமைச்சராக இருந்த கலாநிதி கோ கெங் சுவீ அக்குழுவுக்குத் தலைமை தாங்குமாறு கேட்டது நாதனை.

பெப்ரவரி 8ஆம் திகதி அதிகாலை பாய லேபார் விமான நிலையத்திலிருந்து விமானம் புறப்பட்டது. நாட்டின் இரகசியங்களையெல்லாம் நெஞ்சில் சுமந்த புலனாய்வுத் தலைவர், குண்டு வைத்தவர்களுடன் ஒரே விமானத்தில் அமர்ந்து பாரசீக வளைகுடாவுக்குச் சென்றார் என்பதை இன்றைய பாதுகாப்பு நிபுணர்கள் ஏற்றுக்கொள்வார்களா என்பது சந்தேகமே. குவைத்தில் இறங்கியபோதும் சிக்கல் தீரவில்லை. சிங்கப்பூர்க் குழு விமானத்திலிருந்து இறங்காமல் தொடர்ந்து பயணிக்க வேண்டுமென்பதே குவைத் தரப்பின் விருப்பமாக இருந்தது. தமது பொறுப்பு இத்துடன் நிறைவுற்றது என்பதை நாதன் அங்கு வாதாடி நிலைநாட்ட வேண்டியிருந்தது. தூதரகத்தைக் கைப்பற்றியவர்களையும் ஏற்றிக்கொண்டு விமானம் தென் யெமனின் ஏடனுக்குச் சென்றது. மறுநாள் 13 பேரும் நாடு திரும்பினர். சிங்கப்பூரில் ஓர் உயிர்கூடப் போகவில்லை.

இவ்விடத்தில் எமது நாட்டை நினையாமல் இருக்க முடியவில்லை. 2019 ஏப்ரல் 21ஆம் திகதித் தாக்குதல்கள் பற்றிய முன்னெச்சரிக்கை இந்தியாவிலிருந்து ஏப்ரல் 4ஆம் திகதியே கிடைத்திருந்தது. தகவல் மேசையிலிருந்து மேசைக்குக் கடிதமாகப் பயணித்தது. அதனைத் தனது பொறுப்பென எடுத்துக்கொண்டு எவரும் எழுந்து நிற்கவில்லை. 260க்கும் மேற்பட்ட உயிர்கள் பலியாகின. ஐந்து நாட்களின் பின்னர், காரைதீவின் எல்லையோடு எல்லையாக அமைந்த சாய்ந்தமருதுவில் வெடித்த குண்டுகளில் குழந்தைகளும் மாண்டனர். அதற்குப் பிந்திய மாதங்களில் இக்கரையோரத்தின் அப்பாவி முஸ்லிம்கள் அனுபவித்த சோதனைகளும் சந்தேகப் பார்வைகளும் எவராலும் ஈடுசெய்யப்படவில்லை. 2023 ஜனவரி 12ஆம் திகதி உயர் நீதிமன்றம், முன்னாள் ஜனாதிபதியும் அரச புலனாய்வுச் சேவையின் அப்போதைய தலைவரும் உட்பட ஐவர் தமது கடமையில் தவறியதாகத் தீர்ப்பளித்து, மொத்தம் 310 மில்லியன் ரூபா நட்டஈடு செலுத்துமாறு உத்தரவிட்டது. தகவலைச் சேகரிப்பதில் நாம் பின்தங்கியிருக்கவில்லை என்பதையே அத்தீர்ப்பும் காட்டுகின்றது.

நாதனின் பிற்கால வாழ்வைச் சுருக்கமாகவே சொல்லலாம். 1979இல் வெளிவிவகார அமைச்சுக்கு முதலாவது நிரந்தரச் செயலாளராகத் திரும்பினார். கம்போடியப் பிரச்சினை சூடுபிடித்திருந்த காலம் அது. 1982இல் ஸ்ட்ரெய்ட்ஸ் டைம்ஸ் பத்திரிகை நிறுவனத்தின் தலைவராக அவர் நியமிக்கப்பட்டபோது பத்திரிகையாளர்கள் எதிர்ப்புத் தெரிவித்தனர். முன்னாள் புலனாய்வுத் தலைவர் ஒருவர் செய்தி நிறுவனத்துக்கு ஏன் வருகின்றார் என்ற கேள்வி நியாயமானதே. பத்திரிகைத் துறையில் இருக்கும் நாமும் அன்று அதனையே கேட்டிருப்போம். 1988 முதல் மலேசியாவில் உயர்ஸ்தானிகராகவும் 1990 முதல் 1996 வரை வொஷிங்டனில் தூதுவராகவும் கடமையாற்றினார். 1994இல் அமெரிக்க இளைஞன் ஒருவனுக்குப் பிரம்படித் தண்டனை விதிக்கப்பட்டு ஜனாதிபதி கிளின்டனே தலையிட்டபோது, அமெரிக்கத் தொலைக்காட்சியில் தோன்றித் தமது நாட்டின் சட்டத்துக்காக வாதாடியவரும் அவரே. 1999 முதல் 2011 வரை இரு தவணைகள் ஜனாதிபதியாக இருந்தார். இரு தடவையும் போட்டியின்றியே தெரிவானார் என்பதையும் சொல்லியாக வேண்டும். 2016 ஆகஸ்ட் 22ஆம் திகதி 92ஆவது வயதில் காலமானார். அரச மரியாதையுடன் நடைபெற்ற இறுதிச் சடங்கில் அவர் விரும்பிக் கேட்ட, "பொற்காலம்" திரைப்படத்தின் தமிழ்ப் பாடல் ஒலித்தது.

சிறுபான்மையினரை நம்பிய நாடு என்று சிங்கப்பூரைப் போற்றுவோர் பெரும்பாலும் இத்துடன் நிறுத்திக்கொள்வர். நாம் நிறுத்த விரும்பவில்லை. தமிழர் ஒருவரிடம் புலனாய்வுப் பிரிவை ஒப்படைத்த அதே காலப்பகுதியில், அதே பாதுகாப்பு அமைச்சு மலாய் முஸ்லிம் இளைஞர்களைச் சந்தேகத்துடன் நோக்கியது. 1967இல் கட்டாய இராணுவ சேவை அறிமுகமான பின்னர் பல ஆண்டுகள் மலாய் இளைஞர்களில் மிகச் சிலரே அழைக்கப்பட்டனர். அயலிலுள்ள முஸ்லிம் நாடுகளுடன் போர் மூண்டால் அவர்களுடைய விசுவாசம் எந்தப் பக்கம் சாயும் என்ற ஐயமே அதற்குக் காரணம். 1987இல் அமைச்சராக இருந்த லீ சியென் லூங் அதனைப் பகிரங்கமாகவே கூறியபோது மலாய் மக்களிடையே பெரும் வருத்தம் உண்டாயிற்று. சிங்கப்பூர் இராணுவத்தில் மலாய் இனத்தவர் ஒருவர் முதன்முதலாகப் பிரிகேடியர் ஜெனரல் தரத்துக்கு உயர்ந்தது 2009இல். நாதன் அப்போது ஜனாதிபதி. நாடு சுதந்திரம் பெற்று 44 ஆண்டுகள் கடந்திருந்தன.