சென்னையில் அகற்றப்பட்ட சிலைகள்

சென்னை நகரின் பொது இடங்களில் நிறுவப்பட்டுப் பின்னர் அரசியல், போக்குவரத்து முதலிய காரணங்களால் அகற்றப்பட்ட சிலைகளுள் நீல் சிலை, கண்ணகி சிலை, சிவாஜி கணேசன் சிலை ஆகியன குறிப்பிடத்தக்கவை. முதலிரண்டும் எழும்பூர் அரசு அருங்காட்சியகத்தைச் சென்றடைந்தன. அவற்றுள் கண்ணகி சிலை மட்டுமே மீண்டும் மக்கள் பார்வைக்குக் கடற்கரைக்குத் திரும்பியது.

நீல் சிலை

ஜேம்ஸ் நீல் என்பவர் 1857 ஆம் ஆண்டுக் கிளர்ச்சியை ஒடுக்கச் சென்னையிலிருந்து சென்ற படையின் தளபதி ஆவார். அலகாபாத், கான்பூர் ஆகிய இடங்களில் இவர் நிகழ்த்திய கொடுமைகள் வரலாற்றில் இடம்பெற்றுள்ளன. அவ்வாண்டே இவர் லக்னோவில் கொல்லப்பட்டார். ஆங்கிலேயர் இவருக்கு மவுண்ட் சாலையில் (இன்றைய அண்ணா சாலை) சிலை எழுப்பினர்.

இதனை அகற்றக் கோரி 1927 இல் நீல் சிலை சத்தியாக்கிரகம் நடைபெற்றது. சுத்தியலால் சிலையைத் தாக்கிய தொண்டர்கள் சிறைத்தண்டனை பெற்றனர். இப்போராட்டத்தில் காமராசருக்கும் பங்கு உண்டு. காந்தி இதனை ஆதரித்தார். எனினும் அகிம்சை வழியை வலியுறுத்தினார். இராஜாஜி தலைமையிலான அமைச்சரவைக் காலத்தில், 1937 இல், சிலை சாலையிலிருந்து அகற்றப்பட்டது. பின்னர் அருங்காட்சியகத்தில் சேர்க்கப்பட்டது.

கண்ணகி சிலை

1968 சனவரியில் சென்னையில் நடைபெற்ற இரண்டாம் உலகத் தமிழ் மாநாட்டையொட்டி மெரீனா கடற்கரையில் தமிழ்ச் சான்றோர் சிலைகள் நிறுவப்பட்டன. திருவள்ளுவர், ஔவையார், கம்பர், பாரதியார் முதலியோருடன் சிலப்பதிகாரத் தலைவி கண்ணகிக்கும் சிலை அமைந்தது. பாண்டியன் அவையில் நீதி கேட்கும் கோலத்தில், கையில் சிலம்புடன் இச்சிலை காட்சியளிக்கிறது.

2001 திசம்பரில், அ.தி.மு.க. ஆட்சியின்போது, இச்சிலை அகற்றப்பட்டது. சரக்குந்து மோதிப் பீடம் சேதமுற்றதும், போக்குவரத்து இடையூறும் காரணங்களாகக் கூறப்பட்டன. வாஸ்து நம்பிக்கையே உண்மைக் காரணம் என்ற பேச்சும் எழுந்தது. தமிழறிஞர்களும் எதிர்க்கட்சிகளும் கண்டனம் தெரிவித்தனர். ஆட்சி மாறியபின், 2006 சூன் 3 அன்று முதலமைச்சர் மு. கருணாநிதி சிலையை மெரீனாவில் மீண்டும் திறந்துவைத்தார்.

சிவாஜி கணேசன் சிலை

மெரீனாவில், காமராசர் சாலையில் 2006 இல் நிறுவப்பட்ட இச்சிலை, போக்குவரத்துக்கு இடையூறு எனத் தொடரப்பட்ட வழக்கைத் தொடர்ந்து 2017 ஆகத்தில் அகற்றப்பட்டு, அடையாற்றிலுள்ள அவரது நினைவு மண்டபத்தில் வைக்கப்பட்டது.

நகரின் நினைவில்

நீல் சிலையை இன்று அறிந்தோர் பெரும்பாலும் அதனை எதிர்த்த போராட்டத்தின் வழியாகவே அறிவர். கண்ணகி சிலையைப் பொறுத்தவரை, அது இல்லாதிருந்த ஏறத்தாழ நாலரை ஆண்டுகளில் வெற்றிடமே விவாதப்பொருளாயிற்று. அருங்காட்சியகம் சிலையை அழியாமல் காக்கிறது. ஆனால் வழிப்போக்கர் நாள்தோறும் காணும் இடத்திலிருந்து அகலும்போது, அச்சிலை பொதுச் சின்னம் என்ற நிலையை இழந்து காட்சிப்பொருளாகிறது. ஆகவேதான் சிலையின் இருப்பைப் போலவே அதன் இடமும் சென்னையில் திரும்பத் திரும்பப் போராட்டப் பொருளாகியுள்ளது.