தறி நின்ற வெள்ளிக்கிழமை: காசிக் கைவினைஞர்களின் ஓய்வும் அடையாளமும்

மலர்க் குழு நண்பர் போன் செய்து, "உனக்குத்தான் சரித்திரப் புத்தகம் படிக்கிற பைத்தியம் உண்டே, ஒரு கட்டுரை கொடுப்பா" என்று கேட்டுக்கொண்டார். ஒர்க்‌ஷாப் வகுப்பில் லேத் முன்னால் நான் முழித்த முழியைப் பார்த்தவர்கள் யாரும் என்னிடம் தொழில்நுட்பக் கட்டுரை கேட்க மாட்டார்கள்! எனவே, வேலை நிமித்தமாகப் போன இடத்தில் கற்றுக்கொண்ட ஒரு சரித்திரத்தை உங்களோடு பகிர்ந்துகொள்கிறேன்.

காசி என்றதும் நமக்குக் கங்கையும் விசுவநாதரும், அனுமான் காட்டில் பாரதியார் தங்கியிருந்த வீடும் நினைவுக்கு வரும். அதே ஊரில் இன்னொரு காசி உண்டு. மதன்புரா, அலாய்புரா, லல்லாபுரா பகுதிகளில் பட்டு நெய்யும் முஸ்லிம் நெசவாளர்களின் காசி. பித்தளை தட்டும் கசேராக்கள், குயவர்கள், கடைசல் பிடித்து மரப் பொம்மை செய்பவர்கள் என்று இந்துக் கைவினைஞர்களின் காசி.

2017 குளிர்காலத் தொடக்கத்தில், விசைத்தறிகளுக்கு எலக்ட்ரானிக் ஜக்கார்டு பொருத்தும் வேலையாக அங்கே போயிருந்தேன். இரண்டு வாரத்தில் முடிக்க வேண்டிய வேலை. ஒரு வெள்ளிக்கிழமை காலை கூடத்துக்குள் போனால் ஒரு தறியும் ஓடவில்லை. தெருவே நிசப்தம். கரண்ட் போய்விட்டதோ என்று நினைத்தேன். முதலாளியின் அப்பா, எல்லோரும் "சாச்சா" என்று அழைக்கும் பெரியவர், வெள்ளை உடையில் சாவகாசமாக உட்கார்ந்திருந்தார்.

"இன்னைக்கு அகஹனி ஜும்மா, பேட்டா. முர்ரி பந்த்" என்றார். நெசவாளர்கள் ஊர்கூடி வேலை நிறுத்துவதற்கு அங்கே அதுதான் பெயர். அகஹன் என்பது இந்துப் பஞ்சாங்க மாதம். ஏறக்குறைய நம் கார்த்திகை. முன்னொரு காலத்தில் மழை பொய்த்தபோது தறிகளை நிறுத்திவிட்டு ஈத்காவில் கூடித் தொழுதார்களாம், மழை வந்ததாம். அதிலிருந்து ஆண்டுதோறும் அந்த மாதத்தில் இந்தத் தொழுகை நடக்கிறது. தொழுகை முடிந்து வெளியே வந்தால் விவசாயிகள் புதுக் கரும்போடு காத்திருப்பார்கள். ஆளுக்கொரு கட்டு வாங்கித் தோளில் வைத்துக்கொண்டு வீட்டுக்குப் போவது வழக்கம்.

கேட்கச் சுவையாகத்தான் இருந்தது. ஆனால் அன்று மாலை என் பதிவேட்டில் நான் எழுதியது இதுதான்: "இயந்திர நிறுத்தம் – 1 நாள். காரணம் – உள்ளூர்." ஊருக்குத் திரும்பிய பிறகு நீதா குமார் என்ற வரலாற்று ஆய்வாளர் 1988இல் வெளியிட்ட 'தி ஆர்ட்டிசன்ஸ் ஆஃப் பனாரஸ்' நூலைத் தேடிப் படித்தேன். 1880 முதல் 1986 வரை காசிக் கைவினைஞர்கள் எப்படிப் பொழுதைக் கழித்தார்கள் என்பதையே வரலாறாக எழுதியவர் அவர். அந்த நூல் என் பதிவேட்டு வரியைக் கேள்வி கேட்டது.

நேரம் யாருடையது?

காசிக் கைவினைஞருக்கு மணிக்கணக்குக் கூலி கிடையாது, உருப்படிக் கூலிதான். ஒரு சேலைக்கு இவ்வளவு, ஒரு குடத்துக்கு இவ்வளவு. பட்டறையும் பெரும்பாலும் வீட்டிலேயே. ஆகவே இன்று எத்தனை மணிக்குத் தொடங்குவது, எப்போது எழுந்து போவது என்பதெல்லாம் அவர் கையில் இருந்தது. சங்கு ஊதி அழைக்கும் ஆலைத் தொழிலாளிக்கு இல்லாத சொத்து இது.

அந்தச் சொத்தை அவர்கள் செலவழித்த விதம்தான் அழகு. "பஹ்ரி அலங்" என்பார்கள். வெளிப்பக்கம் போவது என்று பொருள். நாலைந்து சிநேகிதர்கள் சேர்ந்து ஆற்றின் அக்கரைக்கோ ஒரு தோட்டத்துக்கோ போய்விடுவார்கள். எண்ணெய் தேய்ப்பது, தண்டால் எடுப்பது, துணி துவைப்பது, குளிப்பது, பருப்பும் பாட்டியும் சமைத்துச் சாப்பிடுவது. (பாட்டி என்றால் தணலில் சுட்ட கோதுமை உருண்டை, நம் பாட்டி அல்ல!) இந்துக்கள் நடுவே பாங்கு அரைப்பதும் உண்டு. முஸ்லிம் நெசவாளர்களும் தோட்டங்களுக்கும் தர்காக்களுக்கும் கூட்டமாகப் போய்ச் சமைத்துச் சாப்பிட்டு வருவார்கள்.

நம் ஊர் தாலிம்கானா மாதிரி அங்கே அகாடா. மல்யுத்தம், கதை சுழற்றுவது, "ஜோடி" எனும் கனத்த கர்லாக் கட்டைகள் சுற்றுவது ஆகியவற்றில் இரு சமூகத்தாரும் பெயர் பெற்றிருந்தார்கள். மழைக்காலத்தில் கஜ்லி பாட்டுப் போட்டி. பிஹாரி குரு வளர்த்தெடுத்த பிரஹா பாட்டு. ராம்நகர் ராம்லீலாவோ ஏறக்குறைய ஒரு மாதம் நடக்கும். மின்விளக்கு, மைக் எதுவும் கிடையாது. காட்சி மாற மாறக் கூட்டமும் இடம் விட்டு இடம் நடக்கும். மாலை தோறும் பட்டறையைச் சாத்திவிட்டுப் படகேறிப் போக, நேரம் தன் கையில் இருப்பவனால்தானே முடியும்? அந்த ராம்லீலாவுக்கு ராவணன் பொம்மை கட்டுவதும் வாணம் செய்வதும் முஸ்லிம் கைவினைஞர்கள். காஜி மியான் திருமண விழாவுக்கோ இந்துக்கள் திரளாகப் போவார்கள்.

காசியில் யாரைக் கேட்டாலும் "இங்கே இந்து – முஸ்லிம் உறவு தானா-பானா மாதிரி" என்பார்கள். அதாவது பாவும் ஊடையும். நெய்பவர் முஸ்லிம், வாங்கி விற்பவர் பெரும்பாலும் இந்து என்பதால் வந்த பேச்சு. ஆனால் அது வியாபார உறவு. அதில் கடனும் உண்டு, கசப்பும் உண்டு. "நான் பனாரஸி" என்ற பெருமை கடையில் பிறக்கவில்லை. வேலையை நிறுத்திவிட்டு ஆற்றங்கரைக்குப் போன நேரத்தில்தான் பிறந்தது என்பது நான் புரிந்துகொண்டது.

பெயரும் பழியும்

எல்லாம் இனிமை என்று சொன்னால் சரித்திரம் ஆகாது. 1809இல் லாட் பைரோ என்ற இடத்தை ஒட்டிப் பெரிய கலவரம் நடந்தது. அன்றைய அறிக்கைகளின்படி இறந்தவர்கள் முப்பதுக்கும் குறைவு. நூறு ஆண்டு கழித்து வந்த அரசாங்க கெஜட்டியரில் அது பல நூறாகிவிட்டது! முஸ்லிம் நெசவாளர் என்றாலே "மதவெறி பிடித்த ஜுலாஹா" என்று ஆங்கிலேய அதிகாரிகள் ஒரே பல்லவியைத் திரும்பத் திரும்ப எழுதி வைத்தார்கள்.

அதே ஊர் மக்கள், கலவரம் நடந்து ஓராண்டுதான் ஆகியிருந்த நிலையில், 1810 டிசம்பரில் என்ன செய்தார்கள் தெரியுமா? கம்பெனி அரசு போட்ட வீட்டு வரியை எதிர்த்துக் கடைகளையும் பட்டறைகளையும் மூடிவிட்டு ஆயிரக்கணக்கில் திறந்த வெளியில் போய் உட்கார்ந்தார்கள். கொல்லர்கள் முன்னின்றார்கள், படகோட்டிகள் படகை நிறுத்தினார்கள். இந்துவும் முஸ்லிமும் தொழில்வாரியாகத் திரண்டார்கள். அரசு கடைசியில் அந்த வரியைக் கைவிட்டது. கூட்டமாக வெளியே போய் உட்காரப் பழகிய ஊர் அல்லவா!

இருபதாம் நூற்றாண்டில் இந்த ஒட்டுறவு மெலியத் தொடங்கியது. படித்தவர்களும் பணக்காரர்களும் தெரு விழாக்களிலிருந்து ஒதுங்கினார்கள். கங்கையில் படகுகளில் இசை நடந்த புட்வா மங்கல் விழா நின்றுபோனது. இரு மதச் சீர்திருத்தக்காரர்களும் காஜி மியான் விழாவைக் கண்டித்தார்கள். நெசவாளர்கள் "ஜுலாஹா" என்ற பெயரை உதறி "அன்சாரி" என்று தலைநிமிர்ந்து சொல்லிக்கொண்டார்கள். அது நியாயமான சுயமரியாதை. 1977லும் 1991லும் மீண்டும் கலவரங்கள். ஆனால் 2006 மார்ச்சில் சங்கட மோசன் கோயிலிலும் ரயில் நிலையத்திலும் குண்டு வெடித்தபோது, இரு தரப்புப் பெரியவர்களும் சேர்ந்து நின்று அமைதி காத்தார்கள்.

கை மாறிய நேரம்

சாச்சாவிடம் இதையெல்லாம் நான் அப்போது கேட்கவில்லை. ஒன்றே ஒன்று கேட்டேன். "நீங்க வாலிபத்துல வெளியே போவீங்களா?"

"போகாம? குழித்தறியை விட்டு எழுந்தா எழுந்ததுதான். மாசக்கணக்குல ஒரு சேலை நெய்யிறவனுக்கு ஒருநாள் போனா என்ன? இப்ப பையன்கள் தறி ஓட்டல, தறிதான் அவங்களை ஓட்டுது" என்று சிரித்தார். உள்ளே சாச்சி தார் சுற்றிக்கொண்டே, "இவங்க வெளியே போனாங்க, நாங்க எங்கே போனோம்?" என்றார். அதுவும் உண்மை. ஆற்றங்கரை ஓய்வு ஆண்களுடையது. நூல் சுற்றிய பெண்களுக்குக் கூலியும் இல்லை, ஓய்வும் குறைவு. உருப்படிக் கூலி சுதந்திரம் தந்தது போலவே, சரக்கு விற்காத மாதங்களில் பட்டினியும் தந்தது.

1990களுக்குப் பிறகு சூரத் விசைத்தறிச் சேலைகளும் சீனப் பட்டும் சந்தையைப் பிடித்துக்கொண்டன. 2009இல் பனாரஸ் சேலைக்குப் புவிசார் குறியீடு கிடைத்தும் பல கைத்தறிகள் மீளவில்லை. பிழைப்புக்காக விசைத்தறிக்கு மாறியவர்களை நாம் குறை சொல்ல முடியாது. அந்த இயந்திரத்தைப் பொருத்தப் போனவனே நான்தானே!

இப்போது படிக்கும் தம்பி தங்கைகளுக்கு ஒரு வார்த்தை. ஓர் இயந்திரம் எத்தனை மீட்டர் கூட்டும் என்று கணக்கிட நமக்கு இந்தக் கல்லூரி கற்றுத் தந்தது. அது யாருடைய நேரத்தை யார் கைக்கு மாற்றுகிறது என்ற கணக்கையும் சேர்த்துப் போடுங்கள். அந்தக் கணக்குக்கு நம் பாடத்திட்டத்தில் தாள் கிடையாது.

அந்தப் பழைய பதிவேடு இன்னும் என்னிடம் இருக்கிறது. "காரணம் – உள்ளூர்" என்பதை அடித்துவிட்டு, "காரணம் – அகஹனி ஜும்மா, ஊர் விடுமுறை" என்று திருத்தி வைத்திருக்கிறேன். சங்கமத்துக்கு வருகிற நண்பர்களே, அன்று ஒருநாள் செல்போனை அணைத்துவிட்டு வாருங்கள். கேண்டீன் பின்னால் மரத்தடியில் முர்ரி பந்த் நடத்துவோம்!

– முன்னாள் மாணவர், இயந்திரவியல் துறை (2008–2012)