கைப்பிடித்து எழுப்புவோம்



“வயதாகிவிட்டது, இனி என்ன செய்ய முடியும்?” நம் வீட்டுப் பெரியவர்களுக்கு மூட்டு வலித்தாலும், மூச்சு வாங்கினாலும், மறதி வந்தாலும் நாம் சொல்லும் ஒரே பதில் இதுதான். இந்தப் பதிலை ஏற்க மறுத்த சிலரின் வரலாற்றை இன்று நினைவுகூர்வோம்.

வியன்னாவில் பிறந்து நியூயார்க்கில் மருத்துவம் பயின்றவர் இக்னாட்ஸ் நாஷர். மாணவராக இருந்தபோது ஓர் ஏழையர் விடுதிக்குச் சென்றார். மூதாட்டி ஒருவர் தட்டுத்தடுமாறி வந்து தம் வலிகளைச் சொன்னார். உடனிருந்த ஆசிரியரோ, அது முதுமைதான், அதற்குச் செய்ய ஒன்றுமில்லை என்று சொல்லிவிட்டு நகர்ந்தார். அந்தச் சொல் நாஷரின் மனதை விட்டு அகலவில்லை. குழந்தைகளுக்குத் தனி மருத்துவம் இருப்பதுபோல முதியோருக்கும் வேண்டும் என்று எழுதி, 1909-ஆம் ஆண்டில் அதற்கு ‘ஜெரியாட்ரிக்ஸ்’ என்று பெயரிட்டார். முதியோர் மருத்துவம் என்று நாம் சொல்வது இதைத்தான்.

பெயர் வந்தாலும் முதியோரின் நிலை உடனே மாறிவிடவில்லை. இங்கிலாந்தில் 1834-ஆம் ஆண்டின் ஏழையர் சட்டப்படி, ஆதரவற்றோர் அரசு விடுதிகளுக்குள் சென்றே உதவி பெற வேண்டும் என்பது பொது விதி. அங்கே ஆண்கள் ஒரு பக்கம், பெண்கள் மறுபக்கம். காலமெல்லாம் சேர்ந்து வாழ்ந்த முதிய தம்பதியரும் பிரிக்கப்பட்டார்கள். 60 வயது கடந்த தம்பதியர் தங்களுக்கென ஓர் அறை கேட்கலாம் என்ற சட்டம் 1847-இல்தான் வந்தது. 1909-இல், 70 வயது கடந்த ஏழையருக்கு வாரம் 5 ஷில்லிங் வரை ஓய்வூதியம் கிடைக்கத் தொடங்கியது. ஆயினும், நோயில் விழுந்து, பார்த்துக்கொள்ள ஆளில்லாத முதியோருக்கு அந்த விடுதிகளின் நோயாளர் கூடங்களே கடைசிப் புகலிடம்.

1935-ஆம் ஆண்டில் லண்டனின் மேற்குப் புறத்திலுள்ள மேற்கு மிடில்செக்ஸ் மருத்துவமனை, அருகிலிருந்த அப்படிப்பட்ட கூடமொன்றைத் தன்னோடு இணைத்துக்கொண்டது. அங்கிருந்த 700-க்கும் மேற்பட்ட நோயாளிகளின் பொறுப்பு மருத்துவர் மார்ஜரி வாரன் அவர்களிடம் வந்தது. பக்கவாதம் வந்தவர், மூட்டு முடங்கியவர், மனம் குழம்பியவர் என எல்லாரும் ஒன்றாகக் கிடந்தார்கள். பலருக்கு என்ன நோய் என்று சரியாக ஆராய்ந்து பார்த்தவர்கூட இல்லை.

வாரன் ஒவ்வொருவரையும் தனித்தனியாகச் சோதித்தார். நோய்க்கேற்பப் பிரித்தார். சுவர்களுக்கு வெளிர் நிறம் பூசச் செய்தார். வெளிச்சத்தைக் கூட்டினார். செவிலியர், உடற்பயிற்சி தருபவர், சமூகப் பணியாளர் எல்லாரும் சேர்ந்து உழைத்தார்கள். எழுந்து உட்காரவும், ஊன்றி நிற்கவும், நடக்கவும் முதியோரைப் பழக்கினார்கள். இப்படிப் பலர் தேறி வெளியேறியதால், முன்பு 714 படுக்கைகள் இருந்த இடத்தில் ஏறக்குறைய 240 போதுமானதாயிற்று.

வாரன் கண்ட உண்மை இதுதான்: அவர்களில் பலரை முடக்கியது முதுமை அல்ல, படுக்கை. அசையாமல் கிடந்தால் தசை மெலியும், மூட்டு இறுகும், முதுகில் புண் வரும், மனமும் சோரும். நோய் கொஞ்சம் முடக்க, மீதியைப் படுக்கை முடக்கிவிடுகிறது.

இந்த வெளிச்சம் நம் ஊருக்கும் வந்தது. பிரிட்டனில் பயிற்சி பெற்றுத் திரும்பிய மருத்துவர் வி. எஸ். நடராஜன், 1978-இல் சென்னை அரசுப் பொது மருத்துவமனையில் முதியோருக்கெனத் தனிப் புறநோயாளர் பிரிவைத் தொடங்கினார். பெற்றோரைப் பராமரிப்பது பிள்ளைகளின் கடமை என்று 2007-ஆம் ஆண்டில் நம் நாட்டில் தனிச் சட்டமும் வந்தது. சட்டம் சோறும் பணமும் வாங்கித் தரும். கைப்பிடித்து நடக்க வைப்பது சட்டத்தால் ஆகுமா?

மாற்கு நற்செய்தியில் சீமோனின் மாமியார் காய்ச்சலாய்க் கிடக்கிறார். இயேசு அருகில் சென்று, அவரது கையைப் பிடித்துத் தூக்குகிறார். காய்ச்சல் நீங்குகிறது. அந்தத் தாய் எழுந்து அவர்களுக்குப் பணிவிடை செய்கிறார். படுக்கையில் கிடந்தவர் மீண்டும் அந்த வீட்டுக்கு வேண்டியவராகிறார்.

முதல் வெள்ளிக்கிழமைகளில் நம் பங்கில் நற்கருணை கொண்டு செல்லும் வீடுகளை நினைத்துப் பார்ப்போம். உள் அறைக் கட்டிலில் அப்பா, அல்லது பாட்டி. வேளைக்குச் சாப்பாடு போகிறது, மருந்து போகிறது. குறை சொல்வதற்கில்லை. ஆனால் அவர் கடைசியாக வாசல் திண்ணையில் உட்கார்ந்தது எப்போது? இவரை எழுப்பி நடக்க வைக்க முடியுமா என்று மருத்துவரிடம் கேட்டோமா? ஒரே மகளோ மருமகளோ தனியாகத் தூக்கிச் சுமந்து சோர்ந்திருக்கிறாரா? அப்படியானால், அந்தப் பளுவில் பங்குகொள்ள அன்பியத்தில் நாம் இருக்கிறோமே!

எல்லாரும் எழுந்து நடந்துவிட மாட்டார்கள். எழ முடியாதவர் அருகில் அமர்ந்து கையைப் பிடித்துக்கொள்வோம். எழக்கூடியவரைப் படுக்கவைத்தே வழியனுப்பிவிடாதிருப்போம். இந்த வாரம் ஒரு முதியவரையாவது கைப்பிடித்து வாசல்வரை அழைத்து வருவோம். அதற்கான பொறுமையை இறைவன் நமக்குத் தருவாராக.