அந்தக் கெமரா எங்கே நின்றது?

பதிவு கொஞ்சம் நீளம், பொறுத்துக்கொள்ளுங்கள்.

தரம் 11 பிள்ளைகளுக்கு முதலாம் உலகப் போர் படிப்பிக்கும்போது வருடாவருடம் ஒரு பழைய வீடியோத் துண்டு காட்டுவேன். பதுங்குகுழியிலிருந்து பிரித்தானியப் படையினர் மேலேறிப் பாய்கிறார்கள். ஒருவர் மட்டும் விளிம்பிலேயே சரிந்து, வழுகிக் கீழே வருகிறார். வகுப்பே அமைதியாகிவிடும். இம்முறை பின்வாங்கில் இருந்த பிள்ளை ஒன்று கேட்டது: "சேர், வீடியோ எடுத்தவருக்கு வெடி படல்லயா?"

என்னிடம் பதில் இருக்கவில்லை. வீட்டுக்கு வந்து தேடினேன்.

அது 'சொம் சமர்' என்ற படத்தின் துண்டு. 1916 ஜூலை 1இல் பிரான்ஸில் தொடங்கிய சமரை ஜெஃப்ரி மாலின்ஸ், ஜே.பி. மக்டவல் என்ற இருவர் படம்பிடித்தார்கள். முதல் நாளில் மட்டும் பிரித்தானியப் படையில் 19,000க்கும் மேற்பட்டோர் இறந்தார்கள். படம் ஓகஸ்டிலேயே திரைக்கு வந்தது. முதல் ஆறு வாரங்களில் சுமார் 2 கோடி டிக்கட் விற்றதாகக் கணக்கு. தன் மகன் முகம் தெரியுமா என்று பார்க்கப் போன தாய்மாரும் அதில் இருந்திருப்பார்கள்.

ஆனால் நான் காட்டிய துண்டு நடிப்பு. போர்முனைக்குப் பின்னால், ஒரு பயிற்சி இடத்தில் எடுத்தது. லண்டன் இம்பீரியல் போர் அருங்காட்சியகத்தினர் இதை நுணுக்கமாக ஆராய்ந்திருக்கிறார்கள். ஓடுபவர்களின் முதுகில் சுமை இல்லை. முள்வேலி பேருக்குத்தான் இருக்கிறது. கெமரா நிற்கும் இடத்தில் நிஜத்தில் ஒருவர் நின்றிருந்தால் உயிர் மிஞ்சாது. விழுந்து 'இறந்த' ஒருவர் பிறகு வசதியாகக் காலை மாற்றிப் போடுகிறார்! இத்தனை வருடம் நான் அதைக் காணவேயில்லை.

முக்காலியில் நிறுத்திக் கையால் சுற்றும் பாரமான கெமராவோடு பாயும் படையின் நடுவே போக முடியாதுதான். அதற்காக முழுப் படமும் பொய் என்று எடுத்துவிடாதீர்கள். பெரும்பகுதி உண்மை. ஹோதோர்ன் மேட்டில் காலை 7.20க்கு நிலக்கண்ணி வெடித்தது உண்மை.

1964இல் பிபிசி இந்தப் போரைப் பற்றி 26 பாகத் தொடர் செய்தபோது அருங்காட்சியகத்தின் படச்சுருள்களை எடுத்தது. பிரித்தானியர் எப்போதும் ஒரே திசையில் முன்னேறுவது போலத் தெரியவேண்டும் என்று சில காட்சிகளை இடவலமாகத் திருப்பினார்கள். நடித்த துண்டுகளும் கலந்தன. பார்ப்பவர்களுக்கு அதைச் சொல்லவேண்டும் என்று அருங்காட்சியகப் பணிப்பாளர் நோபல் ஃபிராங்க்லண்ட் சண்டை பிடித்தார். இன்றும் அந்தத் துண்டு எந்தக் குறிப்பும் இல்லாமல் சுற்றுகிறது, என் வகுப்பு வரை.

எங்கோ, எப்போதோ எடுத்த வீடியோ 'நேற்று நடந்தது' என்று நம் வட்சப் குரூப்பில் வந்து, ஊரே கடையை நேரத்தோடு மூடிய இரவுகள் உங்களுக்கும் ஞாபகம் இருக்கும்.

அடுத்த பாடத்தில் அதே படத்தின் இன்னொரு துண்டைக் காட்டினேன். போமோன் ஹமேல் கிராமத்துக்குப் பக்கத்தில், பள்ளமான பாதையில், தாக்குதலுக்குச் சற்று முன் லங்காஷயர் படையினர் காத்திருக்கிறார்கள். யாரும் ஓடவில்லை, விழவுமில்லை. சிலர் கெமராவையே பார்க்கிறார்கள். அவர்களில் பலர் திரும்பி வரவில்லை. கேள்வி கேட்ட பிள்ளை அதை இன்னொருமுறை போடச் சொன்னது.