வட்டுக்கோட்டைத் தேவாலயம்: சுவர்களும் சமயங்களும்

இங்கிலாந்தின் கிராமங்களிலே மத்தியகாலத்திற் கட்டப்பெற்ற தேவாலயங்கள் பல இன்று அங்கிலிக்கன் திருச்சபைக்கு உரியனவாயுள்ளன. அவற்றைக் கட்டியோர் உரோமைத் திருச்சபையினர். 1534இல் எட்டாம் ஹென்றி திருச்சபைத் தலைமையைத் தானே ஏற்றதன் பின்னர் வழிபாடு படிப்படியாக மாறிற்று, சுவர்கள் மாறவில்லை. பீடம் இருந்த இடத்தில் மேசை வந்தது. சுவரோவியங்கள் வெள்ளையடிப்பில் மறைந்தன.

ஈழத்தில் இதனையொத்த வரலாற்றை மட்டக்களப்பு வாவிக்கரையிலே தேடுதல் அரிது. புளியந்தீவில் 1628இற் கோட்டை கட்டிய போர்த்துக்கேயர் 1638இல் அதனை ஒல்லாந்தரிடம் இழந்தனர். பத்தாண்டுகளில் ஊர்தோறும் தேவாலயம் எழுதல் இயலாது. யாழ்ப்பாணத்திலோ 1619 முதல் 1658 வரை அவர்களாட்சி நிலைத்தது. கோவிற்பற்றுகள் வகுக்கப்பட்டன, கிராமந்தோறும் தேவாலயங்கள் எழுந்தன. அவற்றுள் ஒன்று வட்டுக்கோட்டையிலே இன்றும் வழிபாட்டில் உள்ளது.

நீண்ட மக்கள் மண்டபமும், அதன் முடிவில் வளைவொன்றுக்கு அப்பாற் பீடப் பகுதியும் அமைதல் போர்த்துக்கேயர் மரபு. கருங்கல் அரிதான யாழ்ப்பாணத்திலே முருகைக்கல்லும் சுண்ணாம்புச் சாந்துமே சுவருக்கு உதவின. சுவரின் பருமனுக்கு அழகுணர்ச்சியன்று, கல்லின் தன்மையே காரணம் எனலாம். ஒல்லாந்தருக்குப் பீடம் வேண்டியிருக்கவில்லை. பிரசங்கம் கேட்பதற்கு ஒரு மண்டபமே வேண்டியிருந்தது. பால்டேயஸ் பாதிரியார் 1672இல் வெளியிட்ட நூலில் வட்டுக்கோட்டைத் தேவாலயத்தின் சித்திரமும் இடம்பெற்றுள்ளது. 1678இல் ஒல்லாந்தர் அதனை மீளக் கட்டினர்.

ஒல்லாந்தர் காலத்துத் தேவாலயம் பள்ளிக்கூடமுமாகும், பதிவகமுமாகும். ஞானஸ்நானமும் திருமணமும் பள்ளித் தோம்புகளிற் பதியப்பட்டன. பிள்ளைகளை அனுப்பாதோர் தண்டம் இறுத்தனர். உத்தியோகம் பெறக் கிறித்தவராதல் வேண்டியிருந்தது. 1795இல் ஆங்கிலேயர் வந்து அக்கட்டாயம் நீங்கியதும் மக்கள் சைவக் கோயில்களுக்குத் திரும்பினர். பராமரிப்பாரற்ற தேவாலயங்களின் கூரைகள் வீழ்ந்தன. சமயமாற்றம் எத்துணை ஆழமாக வேரூன்றிற்று என்பதற்கு அக்கூரைகளைவிட நேர்மையான சான்று கிடைத்தல் அரிது. மட்டக்களப்பின் கொக்கட்டிச்சோலைத் தான்தோன்றீச்சரத்தை இதனோடு ஒப்புநோக்கலாம். போர்த்துக்கேயர்முன் கல்நந்தி எழுந்து புல்லுண்டதென்னும் ஐதிகம் வரலாறாகாது. ஆயின் குடிகளும் வண்ணக்கர்மாரும் தத்தம் உரிமையாகவே கருதி அக்கோயிலைப் பேணிவந்தமை வரலாறேயாகும். வட்டுக்கோட்டைத் தேவாலயத்துக்கு அன்று அத்தகைய உரிமையாளர் ஊரில் இருக்கவில்லை.

1816இல் அமெரிக்க மிஷனரிமாரான மெய்க்ஸ், ரிச்சார்ட்ஸ் ஆகியோர் வட்டுக்கோட்டையில் மிஷன் நிலையம் அமைக்க வந்தபோது கண்டவை கூரையற்ற சுவர்களே. அவற்றுக்குக் கூரையிட்டனர். 1823இல் அவ்வளவிலேயே வட்டுக்கோட்டைச் செமினரி தோன்றிற்று. 1857இற் சென்னைப் பல்கலைக்கழகத்தின் முதற் பட்டதாரிகளாகிய கரோல் விசுவநாதபிள்ளையும் சி. வை. தாமோதரம்பிள்ளையும் அங்கு பயின்றவர்களே. தொல்காப்பியத்தையும் கலித்தொகையையும் அச்சேற்றிய தாமோதரம்பிள்ளை பின்னர் சைவத்துக்கே மீண்டார்.

1947இல் தென்னிந்திய திருச்சபை உருவாயிற்று. தமிழகத்து அங்கிலிக்கன் சபைகள் அதில் இணைந்தன. இலங்கை அங்கிலிக்கன் திருச்சபை இணையவில்லை. அமெரிக்க மிஷன் வழிவந்த யாழ்ப்பாணச் சபை இணைந்தது. அதன் முதற் பேராயர் சபாபதி குலேந்திரன். பேராயரை ஏற்காத ஒல்லாந்தர் மீளக் கட்டி, பேராயரை ஏற்காத அமெரிக்கர் கூரையிட்ட அத்தேவாலயமே பேராயரின் ஆசனக் கோயிலாயிற்று.