முன்னவர் பாக்கியும் பின்னவர் விளக்கும்

திருமுடிவாக்கம் சிட்கோ தொழிற்பேட்டையில் மூடிக் கிடக்கும் பட்டறை ஒன்றை ஒருவர் ஏலத்தில் எடுக்கிறார் என்று வைத்துக்கொள்வோம். பணம் கட்டியாயிற்று, பத்திரம் பதிவாயிற்று, இயந்திரங்களும் வந்து இறங்கிவிட்டன. மின் இணைப்புக் கேட்டு மின்வாரிய அலுவலகத்திற்குச் செல்கிறார். "பழைய முதலாளி வைத்துவிட்டுப் போன பாக்கியைக் கட்டுங்கள், பிறகு இணைப்பு" என்று விடை கிடைக்கிறது. தாம் ஒரு விளக்கும் ஏற்றாத காலத்துக்குத் தாம் ஏன் கட்டணம் செலுத்த வேண்டும் என்று அவர் திகைக்கிறார். இத்திகைப்புக்கு நீண்ட வரலாறு உண்டு.

கடன்கள் இருவகைப்படும். மளிகைக் கடைப் பாக்கி, பொருள் வாங்கிய ஆளோடு போவது. அவர் காலி செய்த வீட்டுக்குக் குடிவருபவரைக் கடைக்காரர் கேட்பதில்லை. நிலவரியோ நிலத்தோடு நிற்பது. நிலம் யார் கைக்கு மாறினாலும் அது பின்தொடரும். மின்கட்டணம் இவ்விரண்டில் எதனைச் சார்ந்தது? ஆளையா, இடத்தையா? வழக்கின் உயிர்நிலை இதுவே.

எரிவாயு விளக்குகள் எரிந்த காலத்திலேயே இவ்வினா எழுந்துவிட்டது. முன்னவர் வைத்த பாக்கியை, புதிதாகக் குடிவருபவர் தாமே ஏற்றுக்கொண்டாலன்றி, அவரிடம் கேட்கலாகாது என்று இங்கிலாந்தின் 1871ஆம் ஆண்டு எரிவாயுச் சட்டம் விதித்தது. நம் நாட்டின் 1910ஆம் ஆண்டு மின்சாரச் சட்டம், கட்டணம் செலுத்தாதவருக்கு ஏழு நாள் அறிவிப்புக் கொடுத்து இணைப்பைத் துண்டிக்க இடமளித்தது. 1948ஆம் ஆண்டுச் சட்டம் மாநிலந்தோறும் மின்வாரியங்கள் அமைய வழி செய்து, மின்சாரம் வழங்குவதற்கான நிபந்தனைகளை வகுக்கும் அதிகாரத்தையும் அவற்றுக்கு அளித்தது. நம் மாநிலத்து வாரியம் 1957 ஜூலை 1ஆம் நாள் உருவாயிற்று.

கடன் திருப்பாத தொழிற்சாலைகளை நிதிக் கழகங்கள் கைப்பற்றி விற்றபோது சிக்கல் முற்றியது. பீகாரில் அவ்வாறு விற்கப்பட்ட ஒரு தொழிலகத்தை ஈஷா மார்பிள்ஸ் நிறுவனம் வாங்கியது. பழைய பாக்கியைக் கேட்டது மின்வாரியம். 1995இல் உச்ச நீதிமன்றம் வாங்கியவர் பக்கம் தீர்ப்பளித்தது. ஒப்பந்தம் வாரியத்துக்கும் பழைய நுகர்வோருக்கும் இடையே ஏற்பட்டது. மின்பாக்கி சொத்தின் மேல் ஏறிய கடனும் அன்று. ஆகவே புதியவர் பொறுப்பாளியல்லர் என்பது அதன் சாரம்.

வாரியங்களுக்கும் ஒரு நியாயம் உண்டு. பெரும்பாக்கி வைத்த ஒருவர், தம் உறவினர் பெயருக்கே ஆலையை மாற்றிப் புதிய இணைப்புப் பெற்றுவிட்டால் இழப்பு யாருக்கு? ஒழுங்காகக் கட்டணம் செலுத்தும் ஏனையோர் தலையிலன்றோ அது விழும்! ஆகவே பழைய பாக்கி தீர்ந்தாலன்றி அவ்விடத்துக்குப் புதிய இணைப்பில்லை என்று பல மாநிலங்கள் தம் விதிகளிலேயே எழுதின. அத்தகைய நிபந்தனை நியாயமானதே என்று உச்ச நீதிமன்றம் 2008இல் கூறியது.

இறுதியில், நெடுங்காலம் நிலுவையிலிருந்த 19 வழக்குகளை ஒருங்கே ஆராய்ந்து, 2023 மே 19ஆம் நாள், கே. சி. நினான் வழக்கு என வழங்கும் தீர்ப்பை அந்நீதிமன்றம் அளித்தது. பொதுச் சட்டப்படி மின்பாக்கி சொத்தைப் பற்றியது அன்று. ஆயினும் சட்டத்தின் வழிவந்த விதி அவ்வாறு கூறுமானால், புதிய உரிமையாளரிடம் பழைய பாக்கியைக் கேட்பது செல்லும் என்று அது தெளிவாக்கியது. 2003ஆம் ஆண்டுச் சட்டம் மின்சாரத்தை இன்ன இடத்துக்கென்றே வழங்கச் சொல்வதால், நுகர்வோரும் இடமும் பிணைந்தே நிற்பர் என்பது அதன் காரணங்களுள் ஒன்று. அதே வேளையில், அவ்வழக்குகளில் ஏலம் எடுத்தவர்கள் இணைப்புக்கு விண்ணப்பித்த நாளிலிருந்து ஏறிய வட்டியைத் தள்ளுபடி செய்து, அவர்கள் சுமையைச் சற்றே குறைத்தது.

ஆக, மளிகைக் கடன்போல் ஆளோடு போன பாக்கி, விதியின் வலிமையால் நிலவரிபோல் இடத்தோடு நிற்கும் நிலையை அடைந்தது. "இருக்கிறது இருக்கிறபடி" என்று விற்கப்படும் சொத்தில், இருக்கிற பாக்கியையும் விசாரித்தறிவது வாங்குபவர் கடமையாயிற்று. வில்லங்கச் சான்றிதழ் அடமானத்தைக் காட்டும்; மின்பாக்கியைக் காட்டாது. ஆதலின், நம் பட்டறைக்காரர் ஏலத்தில் விலை கூறுமுன், பழைய இணைப்பு எண்ணைக் கேட்டறிந்து, மின்வாரிய அலுவலகத்தில் பாக்கி எவ்வளவு என்று எழுத்தில் பெற்றிருக்க வேண்டும். அத்தொகையைக் கழித்துக்கொண்டு விலை சொல்லியிருந்தால் அவருக்கு நட்டமில்லை. பட்டறையும் முதல் நாளே ஓடியிருக்கும். சட்டம் படிக்கப்போகும் மாணவர் மட்டுமல்லர், நாளை ஒரு வீடோ கடையோ வாங்கப்போகும் ஒவ்வொருவரும் நினைவிற்கொள்ள வேண்டிய செய்தி இது.