சாம்பலின் பல பெயர்கள்

இத்தாலியில், நேப்பிள்ஸ் வளைகுடாவின் கரையில், பொசுவோலி என்னும் சிறிய துறைமுக நகரம் ஒன்று உள்ளது. கி.மு. ஆறாம் நூற்றாண்டில் கிரேக்கர் குடியேறிய இடம் அது. பின்வந்த உரோமர் அதனைப் புத்தியோலி என்று அழைத்தனர். கிணற்றைக் குறிக்கும் இலத்தீன் சொல்லே அப்பெயருக்கு வேர் என்பர் சிலர். நாற்றத்தைக் குறிக்கும் சொல்லே வேர் என்பர் வேறு சிலர். ஊரைச் சுற்றிலும் எரிமலை வாய்களும் கந்தகப் புகை கக்கும் பிளவுகளும் இருப்பதால் இரண்டாவது விளக்கத்தையும் எளிதில் தள்ளிவிட இயலாது. இவ்வூரின் பெயர் இன்று உலகெங்கும் உள்ள கட்டடப் பொறியியல் நூல்களில் இடம்பெற்றிருக்கிறது. ஆனால் அங்கே அது ஊரைக் குறிப்பதில்லை. ஒருவகைப் பொடியைக் குறிக்கிறது. 'பொசோலானா' என்பது அதன் பெயர்.

சொல்லின் வரலாற்றைத் தேடிச் செல்லும் பழக்கம் நம் வட்டத்து நண்பர்களுக்கு உண்டு. கற்காரையின் வரலாறு அவ்வகையில் அவர்களுக்குரியதே. 'கான்கிரீட்' என்பதன் இலத்தீன் மூலத்திற்குக் 'கூடி வளர்ந்தது' என்று பொருள். 'சிமெண்ட்' என்பதன் மூலமோ வெட்டிய கல்லைக் குறித்தது. கல்லைப் பிணைக்கும் பசைக்கு அப்பெயர் பின்னாளில்தான் போயிற்று. நம் மொழியிலும் சாந்து என்பது மார்பில் பூசுவதற்கும் சுவரில் பூசுவதற்கும் பொதுவாக நின்றது. சுதை என்றால் சுண்ணாம்பு. அமுதம் என்றும் பொருள் உண்டு.

வெறும் சுண்ணாம்புச் சாந்துக்கு ஒரு குறை உண்டு. சுண்ணாம்புக் கல்லையோ கிளிஞ்சலையோ காளவாயில் இட்டுச் சுட்டால் அதிலுள்ள கரிவளி வெளியேறுகிறது. நீர் தெளித்து நீற்றி, மணல் கூட்டிப் பூசினால், விட்ட கரிவளியைக் காற்றிலிருந்து மெல்ல மெல்லத் திரும்பப் பெற்று மீண்டும் கல்லாகிறது. ஆகவே அதற்குக் காற்று வேண்டும். தடித்த சுவரின் உள்ளே அது நெடுநாள் ஈரமாகவே கிடக்கும். நீருக்கடியில் இறுகவே இறுகாது; கரைந்து போகும். துறைமுகமும் அணையும் கட்ட நினைத்தவனை முதலில் தடுத்து நிறுத்தியது இந்தக் குறைதான்.

பொசுவோலியின் சாம்பல் இத்தடையை நீக்கியது. கி.மு. முதல் நூற்றாண்டின் இறுதியில், அகஸ்டஸ் மன்னனுக்குக் காணிக்கையாக்கிய பத்துப் பகுதிகள் கொண்ட கட்டடக்கலை நூலில், விட்ருவியஸ் இதனைத் தெளிவாகவே எழுதியிருக்கிறார். அவ்வட்டாரத்தில் ஒரு பொடி கிடைக்கிறது. சுண்ணாம்பும் கற்சல்லியும் சேர்த்தால் கடலுக்கடியிலும் இறுகுகிறது என்கிறார். கடற்பணிக்குப் பொடி இரண்டு பங்கு, சுண்ணாம்பு ஒரு பங்கு என்று அளவும் கூறுகிறார். காரணம் கேட்டால் அவர் தரும் விடை ஒரு கவிஞன் தரும் விடை போலவே இருக்கிறது. பொடியும் கல்லும் சுண்ணாம்பும் நெருப்பில் பிறந்தவை. மூன்றும் நீரைக் கண்டதும் ஒன்றையொன்று பற்றிக்கொள்கின்றன என்கிறார். வேதியியல் பிறவாத காலத்தில் இதைவிட நெருங்கி வருதல் கடினம்.

யூதேயாவின் மன்னன் ஏரோது, கி.மு. 22-ஐ ஒட்டிய ஆண்டுகளில், செசரியாவில் செயற்கைத் துறைமுகம் ஒன்றை எழுப்பினான். இக்காலத்து ஆய்வாளர்கள் அதன் கடலடிக் கற்காரையைத் துளைத்துச் சோதித்தபோது, அதிலிருந்த சாம்பல் நேப்பிள்ஸ் வளைகுடாவினது என்று தெரிந்தது. ஏறத்தாழ 2,000 கிலோமீட்டர் கப்பலில் வந்த சாம்பல்! சுண்ணாம்புக்கும் கல்லுக்கும் அங்கே பஞ்சமில்லை. இந்தப் பொடி இன்றிப் பணி நடவாது என்று கட்டியவர் நம்பியிருக்கின்றனர்.

இங்கே வரலாற்றின் ஒரு வேடிக்கையைக் கவனிக்க வேண்டும். உரோமாபுரியின் அருகிலேயே சிவப்பும் கறுப்புமாக எரிமலை மண் குழிகுழியாகக் கிடைத்தது. விட்ருவியஸ் அதனைக் 'குழிமணல்' என்று தனியே பெயரிட்டு, மணல்களில் சிறந்தது என்று மட்டும் கூறிச் சென்றார். கி.பி. 120-களில் ஹாட்ரியன் காலத்தில் முடிந்த பாந்தியன் கோயிலின் குவிமாடம் 43.3 மீட்டர் விட்டம் உடையது. இரும்புக் கம்பி சிறிதும் இல்லை. கம்பியில்லாக் கற்காரைக் குவிமாடங்களில் இன்றளவும் அதுவே பெரியது. கீழே கனமான கல்லும் உச்சியில் மிதக்கும் நுரைக்கல்லுமாகச் சல்லியைத் தேர்ந்தெடுத்தவர்களின் கைத்திறனைத் தனியே பாராட்ட வேண்டும். அவற்றைக் கட்டிப் பிடித்திருப்பதோ அந்தக் 'குழிமணல்' கலந்த சாந்து. அதுவும் பொசோலானாவே. அவ்வாறே, ஆற்று மணலில் மூன்றில் ஒரு பங்கு சுட்ட ஓட்டுப் பொடியைச் சலித்துச் சேர்த்தால் சாந்து சிறக்கும் என்றும் அவர் வேறோர் இடத்தில் எழுதினார். அதுவும் பொசோலானாவே. ஒரே நூலில், ஒரே பொருள், மூன்று பெயர்களில் மூன்று மூலைகளில் கிடந்தது.

உரோமரின் கற்காரை இரகசியம் தொலைந்துபோயிற்று என்று பலர் எழுதுகின்றனர். எனக்கு அதில் உடன்பாடு இல்லை. நூல் தொலையவில்லை, படியெடுக்கப்பட்டு வந்தது, 1480-களில் அச்சும் ஏறியது. ஓட்டுப்பொடிச் சாந்தும் மறையவில்லை. 537-இல் முடிந்த கான்ஸ்டாண்டிநோபிளின் ஹாகியா சோபியா அச்சாந்தில்தான் எழுந்தது. தொலைந்தது, இவை யாவும் ஒன்றே என்னும் அறிவு. சரியாகச் சொன்னால், அது அன்று இருக்கவே இல்லை. ஊர்ப்பெயர் பொருளை மறைத்தது. இரைன் ஆற்றங்கரை எரிமலைக் கல்லை அரைத்த டச்சுக்காரர் அதனைத் 'திராஸ்' என்றனர். சான்டோரினித் தீவின் மண் 'சான்டோரின் மண்' ஆயிற்று. சூயஸ் கால்வாய்ப் பணிக்கு அது கப்பலேறியது. சுட்ட செங்கல்லின் பொடியை எகிப்தியர் 'ஹொம்ரா' என்றனர். இந்தியாவில் அது 'சுர்க்கி'. முன்னது அரபு, பின்னது பாரசீகம். இரண்டுக்கும் சிவப்பு என்பதே பொருள். ஊரை விட்டு நிறத்தைப் பிடித்த பெயர்கள்.

இங்கிலாந்தில் எடிஸ்டன் பாறைமீது கலங்கரை விளக்கம் கட்டப் புகுந்த ஜான் ஸ்மீட்டன் 1756-இல் சுண்ணாம்புகளைச் சோதித்தார். களிமண் கலந்த சுண்ணாம்புக் கல்லே நீரில் இறுகும் சுண்ணாம்பைத் தருகிறது என்று கண்டார். அதனோடு இத்தாலியப் பொசோலானாவைச் சரிபாதி கலந்து கட்டினார். 1759-இல் ஒளியேற்றிய அக்கோபுரம் 1880-களில் பிரிக்கப்பட்டது. சாந்து தளர்ந்ததால் அன்று, அடியிலிருந்த பாறை அரித்ததால். 'மண் எது' என்ற கேள்வி 'மண்ணில் என்ன இருக்கிறது' என்று மாறத் தொடங்கியது இக்காலத்தில்தான்.

விடை பின்னர்த் தெளிந்தது. எரிமலைச் சாம்பலிலும் சுட்ட களிமண்ணிலும் சிலிகாவும் அலுமினாவும் உண்டு. அவை ஆற்று மணலிலும் உண்டு. ஆனால் மணலில் அவை ஒழுங்கான படிகமாக அடங்கிக் கிடக்கின்றன. நெருப்பு அந்த ஒழுங்கைக் குலைத்துவிட்டால், சுண்ணாம்பு நீரைக் கண்டதும் வினைபுரியும் நிலையில் நிற்கின்றன. வினையின் பயனாகப் பிறக்கும் கால்சியம் சிலிகேட் பசையே கல்லையும் மணலையும் பிணைக்கிறது. இதற்குக் காற்று வேண்டியதில்லை, நீரே போதும். ஆனால் சூடு அளவோடு இருக்க வேண்டும். மிகையாகச் சுட்டால் களிமண் வேறு படிகமாகி மீண்டும் அடங்கிவிடும். ஆதலால் சுவருக்கு உதவாத இளவேக்காட்டுச் செங்கல்லே சுர்க்கிக்கு நல்லது. அரைவேக்காடு என்னும் வசைச்சொல்லைக் கவியரங்குகளில் தாராளமாக வழங்கும் நண்பர்கள் இதனை நினைவில் கொள்வார்களாக.

நம் நிலத்தோடு இதற்குள்ள பெருந்தொடர்பு முல்லைப் பெரியாறு. பென்னிகுவிக்கின் பொறுப்பில் 1887-இல் தொடங்கி 1895-இல் முடிந்த அவ்வணையின் நடுவுடல் சுண்ணாம்பும் சுர்க்கியும் கலந்த கற்காரை. முன்னும் பின்னும் அதே சாந்தில் அமைந்த கற்கட்டு. மேற்கே ஓடிய நீரை மலை குடைந்து கிழக்கே வைகைக்குத் திருப்பிய பணி அது. காட்டுக் காய்ச்சலில் மாண்ட கூலியாட்கள் பலர். காவிரியின் குறுக்கே கண்ணம்பாடியில் எழுந்த கிருஷ்ணராஜ சாகரமும் சுர்க்கிச் சாந்தே.

முல்லைப் பெரியாற்று வழக்கு மேடையேறிய காலம் முதல், 'சுண்ணாம்பும் செங்கற்பொடியும் கொண்டு கட்டியது' என்னும் சொற்றொடர் இகழ்ச்சியாகவே ஒலித்து வருகிறது. பாந்தியனைப் பற்றி அதே பொருளைச் சொல்லும்போது குரல் தாழ்கிறது, வியப்புப் பிறக்கிறது. பெயர் மாறியதன் விளைவு! சுர்க்கிக் கற்காரைக்கு முதுமை உண்டு. ஊறும் நீரில் அதன் சுண்ணாம்பு சிறிது சிறிதாகக் கரைந்து வெளியேறும். அவ்வணையிலும் 1930-களிலேயே துளையிட்டுச் சிமெண்டுக் குழம்பு செலுத்த நேர்ந்தது. 1979-க்குப் பின் வடங்கள் இறக்கியும் பின்புறம் கற்காரை அணைத்தும் வலுப்படுத்தினர். நீர்மட்டம் 142 அடி வரை உயரலாம் என்று உச்ச நீதிமன்றம் 2014-இல் தீர்ப்பளித்தது. அணையின் வலிமையை அளவும் சோதனையும் சொல்ல வேண்டும். சுர்க்கி என்ற சொல்லின் ஒலி சொல்ல இயலாது.

1824-இல் ஜோசப் ஆஸ்ப்டின் காப்புரிமை பெற்ற போர்ட்லண்ட் சிமெண்ட் இப்பொடிகளை ஒதுக்கியது போலத் தோன்றிற்று. விரைந்து இறுகும் அது வேலைக்காரனுக்குப் பிடித்தது. ஆனால் அது நீருடன் வினைபுரியும்போது சுண்ணாம்பை மிச்சமாக விடுகிறது. அம்மிச்சம் வலுவற்றது, கரையக்கூடியது. பொசோலானா சேர்த்தால் அது அம்மிச்சத்தைப் பற்றி மேலும் பசையாக்கி, நுண்துளைகளை அடைக்கிறது. உப்பு நீர் உள்ளே புகுதல் குறைகிறது. பேரணைகளில் வெடிப்பை உண்டாக்கும் வெப்பமும் தணிகிறது. முதல் மாதத்தில் வலு சற்றே பின்தங்கும். பிறகு ஈடு செய்துவிடும். அதுவரை ஈரம் காயாமல் நீராற்றக் கொத்தனாருக்குப் பொறுமை வேண்டும். அது எங்கே கிடைக்கிறது?

இன்று இப்பணிக்கு மிகுதியாக வருவது அனல்மின் நிலையச் சாம்பல். அமெரிக்காவின் ஹங்ரி ஹார்ஸ் அணை (1948-53) அதனைப் பேரளவில் ஏற்றது. நம் கடைகளில் விற்கும் பொசோலானா சிமெண்டில் 15 முதல் 35 விழுக்காடு வரை இச்சாம்பல் இருக்கலாம் என்பது இந்தியத் தர விதி. தூத்துக்குடியில் எரிவதும் நெய்வேலியில் எரிவதும் ஒன்றல்ல. நெய்வேலிப் பழுப்பு நிலக்கரியின் சாம்பலில் சுண்ணாம்புக் கூறு கூடுதல். மிதமான சூட்டில் எரித்த நெல் உமியின் சாம்பலும் இவ்வினத்தைச் சேர்ந்ததே. பல் விளக்கிய உமிக்கரியின் உடன்பிறப்பு என்று சொல்லலாம்.

நிலக்கரி குறையும் காலம் வந்தால் சாம்பலும் குறையும். எனவே ஆய்வாளர் மீண்டும் சுட்ட களிமண்ணிடம் வந்திருக்கின்றனர். 700 முதல் 850 பாகை வரை சுட்ட களிமண்ணையும் அரைத்த சுண்ணாம்புக் கல்லையும் சேர்த்துச் சிமெண்டின் அடிப்படைக் கட்டியில் ஏறத்தாழப் பாதியைக் குறைக்கின்றனர். அக்கட்டியைச் சுடுவதால் எழும் கரிவளியும் அந்த அளவுக்குக் குறைகிறது. சுவிட்சர்லாந்து, கியூபா ஆய்வாளரோடு சென்னை இந்தியத் தொழில்நுட்பக் கழகத்தாரும் இதில் உழைத்திருக்கின்றனர். 2023-இல் இதற்கு இந்தியத் தர விதியும் வெளிவந்தது. இதன் பெயர் நான்கு ஆங்கிலச் சொற்களின் முதலெழுத்தாலான சுருக்கம். சுட்ட களிமண்ணின் பொடி என்று விரித்துச் சொன்னால், பழைய கொத்தனார் எவரும் சுர்க்கி என்று அடையாளம் கண்டுகொள்வார்.